மகாத்மாவைத் தேடிய காமிரா: ஏ. கே. செட்டியாரின் வாழ்க்கை

உத்திரமேரூர் வைகுண்டப் பெருமாள் கோயில் மண்டபத்தில் சிறிது நேரம் நின்று சுவரைப் பார்ப்பவர்களுக்கு ஓர் உண்மை விளங்கும். எழுதி வைத்தது நிற்கும். எழுதி வைக்காதது போகும். முதற் பராந்தக சோழன் காலத்தில், கி.பி. 919-லும் 921-லும், அவ்வூர்ச் சபையார் தங்கள் வாரியங்களுக்கு ஆள் தேர்ந்தெடுக்கும் முறையைக் கல்லில் வெட்டி வைத்தார்கள். ஊரை முப்பது குடும்புகளாகப் பிரித்ததும், தகுதியுள்ளவர் பெயரை ஓலையில் எழுதிக் குடத்திலிட்டதும், சிறுவன் ஒருவனைக் கொண்டு ஓலையை எடுக்கச் செய்ததும் அங்கே விவரமாக இருக்கின்றன. வயது 35-க்குக் குறைந்தவரும் 70-ஐக் கடந்தவரும் வாரியத்துக்கு வரலாகாது. முன்பு வாரியம் செய்து கணக்குக் காட்டாதவன் பெயரை ஓலையில் எழுதலாகாது. அவனுடைய நெருங்கிய உறவினர் பெயரையும் எழுதலாகாது.

அந்தச் சபை வேதம் ஓதிய நிலச்சுவான்களின் சபை. வயலில் உழைத்தவனுக்கும் பெண்களுக்கும் அதில் இடமில்லை. இதை நாம் மறைக்க வேண்டியதில்லை; கல்வெட்டும் மறைக்கவில்லை. யாருக்கு உரிமை உண்டு, யாருக்கு இல்லை என்பதை அது வெளிப்படையாகச் சொல்வதால்தான், ஆயிரம் வருஷங்களுக்குப் பிறகும் அது சாட்சியாக நிற்கிறது. பழம்பெருமை பேசுவோரும் அதை எடுத்துக் காட்டுகிறார்கள். பழங்குறையைக் கண்டிப்போரும் அதையே எடுத்துக் காட்டுகிறார்கள். ஒருவராலும் அதை இல்லையென்று சொல்ல முடியவில்லை.

அப்படிப்பட்ட சாட்சியத்தை நமது தேசிய இயக்கத்துக்குத் தேடி வைக்க வேண்டும் என்று, வயது இருபத்தாறு நிரம்பாத ஒரு தமிழ் இளைஞர் 1937-ல் சங்கற்பம் செய்துகொண்டார். கல்லும் உளியும் அவருடைய கருவிகள் அல்ல. செலுலாயிட் சுருளும் காமிராவுமே அவருடைய கருவிகள். அவர் பெயர் ஏ. கே. செட்டியார். மகாத்மா காந்தியின் வாழ்க்கையை டாக்குமெண்டரி சினிமாவாக முதன்முதலில் எடுத்தவர் அவர். உலகம் யுத்தத்தை நோக்கி விரைந்துகொண்டிருந்த காலத்தில் கண்டம் விட்டுக் கண்டம் சென்று அதைச் செய்து முடித்தார். அவருடைய சரித்திரம் தேசத் தொண்டர் ஒவ்வொருவரும் அறிய வேண்டிய சரித்திரம். அதன் முடிவில் நமக்கு ஒரு வெட்கமும் ஒரு கடமையும் காத்திருக்கின்றன.

கோட்டையூரிலிருந்து டோக்கியோ வரை

செட்டிநாட்டுக் கோட்டையூரில் 1911-ம் வருஷம் நவம்பரில் செட்டியார் பிறந்தார். நகரத்தார் குலத்து இளைஞர்கள் கடல் கடந்து கொடுக்கல் வாங்கலுக்குச் செல்வது அக்காலத்து வழக்கம். செட்டியாரும் கடல் கடந்தார். ஆனால் அவர் மனம் வட்டிக் கணக்கில் பதியவில்லை. ரங்கூனில் நகரத்தாருக்காக நடந்து வந்த தனவணிகன் பத்திரிகைக்கு ஆசிரியரானார். அப்போது பர்மா, இந்தியாவுடன் சேர்ந்த ஒரு மாகாணமாக இருந்தது. ரங்கூன் துறைமுகத்தில் இந்தியக் கூலிகளுக்கும் பர்மியருக்கும் 1930-ல் பெருங்கலகம் மூண்டது. அவ்வருஷக் கடைசியில் ஸாயா ஸான் என்பவரின் தலைமையில் பர்மிய விவசாயிகள் சர்க்காரை எதிர்த்து எழுந்தார்கள். நிலமிழந்தவனின் கோபம் எப்படி இருக்கும் என்பதைக் கடல் கடந்த இந்தியர் நேரில் கண்ட காலம் அது. அந்த நாட்டில்தான் செட்டியார் பத்திரிகைத் தொழிலைப் பயின்றார்.

பேனாவோடு அவர் நிற்கவில்லை. போட்டோக் கலையை முறையாகக் கற்க வேண்டும் என்று ஜப்பானுக்குச் சென்று, டோக்கியோவில் அக்கலைக்கென்று இருந்த கல்லூரியில் பயின்றார். ஜப்பான் அப்போது மஞ்சூரியாவை விழுங்கிவிட்டு, சீனாவின் மீது பாய்வதற்குத் தருணம் பார்த்துக்கொண்டிருந்தது. பிறகு அமெரிக்கா சென்று நியூயார்க்கில் மேற்கொண்டு பயிற்சி பெற்றார். பட்டத்துக்கும் உத்தியோகத்துக்கும் படிக்கும் இளைஞர்கள் மலிந்திருந்த காலத்தில், எந்த உத்தியோகத்துக்கும் இட்டுச் செல்லாத ஒரு கலையைத் தேடி ஒரு தமிழர் இரண்டு கடல்களைக் கடந்தார்.

அமெரிக்காவிலிருந்து திரும்பும் வழியில் அந்த எண்ணம் உதித்தது. 1937-ம் வருஷம் அக்டோபர் 2-ந் தேதி. நியூயார்க்கிலிருந்து அயர்லாந்தின் டப்ளினுக்குச் செல்லும் ஸமாரியா என்னும் கப்பலில் அவர் இருந்தார். அன்று காந்திஜியின் பிறந்த நாள். நாலாபுறமும் அட்லாண்டிக் சமுத்திரம். தாய்நாட்டில் ஊர்தோறும் ராட்டையும் பஜனையுமாகக் கொண்டாடும் நாளில், தமது கற்ற வித்தையைக் கொண்டு மகாத்மாவுக்கு என்ன செய்யலாம் என்று அவர் சிந்தித்தார். அவருடைய வாழ்க்கையைப் படமாக்க வேண்டும். நடிகர்களைக் கொண்டு எடுக்கும் கதையாக இல்லாமல், உண்மையாக எடுக்கப்பட்ட காட்சிகளைத் திரட்டிக் கோத்த வரலாறாக அது இருக்க வேண்டும் என்று தீர்மானித்தார். கையில் பெரும் பணமில்லை. பின்னால் பெரிய ஸ்தாபனமும் இல்லை.

காமிரா யார் கையில்?

இந்த எண்ணத்தின் அருமையை உணர வேண்டுமானால், அக்கால நிலையை நினைத்துப் பார்க்க வேண்டும். காந்திஜி உலகத்திலேயே அதிகமாகப் படம் பிடிக்கப்பட்ட மனிதர்களில் ஒருவர். ஆனால் அந்தப் படங்கள் யாரிடம் இருந்தன? பெரும்பாலும் ஐரோப்பிய, அமெரிக்கச் செய்திப்படக் கம்பெனிகளிடம். உப்புச் சத்தியாக்கிரகம் நடந்த 1930-லும், வட்டமேஜை மகாநாட்டுக்காகக் காந்திஜி லண்டன் சென்ற 1931-லும் அக்கம்பெனிகளின் காமிராக்காரர்கள் அவரைச் சூழ்ந்து நின்றார்கள். நாலு முழத் துணியுடன் ஐரோப்பாவின் குளிரில் நடந்த மனிதர் அவர்களுக்கு ஒரு வேடிக்கை. வாரச் செய்திப்படத்தில் இரண்டு நிமிஷம் காட்டுவார்கள். அதன் பிறகு அந்தச் சுருள் ஏதோ ஒரு கிடங்கின் அடியில் கிடக்கும்.

இந்தியக் கம்பெனிகளும் சும்மா இருக்கவில்லை. தண்டி யாத்திரையை நம்மவர்கள் படம் பிடித்தார்கள். ஆனால் சத்தியாக்கிரகக் காட்சிகளைத் திரையில் காட்டச் சர்க்கார் தடை விதித்தது. சினிமாத் தணிக்கை 1918-ம் வருஷத்துச் சட்டத்தின்கீழ் வந்தது. பம்பாய், கல்கத்தா, சென்னை, ரங்கூன் ஆகிய நகரங்களில் இருந்த தணிக்கைச் சபைகளில் போலீஸ் கமிஷனரின் கையே மேலோங்கியிருந்தது. தடியடி கொடுத்த இலாகாவே தடியடியைத் திரையில் காட்டலாமா என்று முடிவு செய்தது என்றால், அந்த முடிவு எப்படி இருந்திருக்கும் என்று சொல்ல வேண்டியதில்லை.

போராட்டத்தில் இரண்டு தரப்புகள் இருக்கும். ஒரு தரப்பிடம் மட்டும் காமிராவும் கிடங்கும் கத்தரிக்கோலும் இருந்தால், நாளைய சரித்திரம் அந்தத் தரப்பின் சரித்திரமாகவே இருக்கும். செட்டியார் கப்பலில் சங்கற்பம் செய்த அதே 1937-ல், டச்சுக்காரரான யோரிஸ் ஐவன்ஸ் ஸ்பெயின் உள்நாட்டு யுத்தத்தைப் பற்றிய டாக்குமெண்டரிப் படத்தை வெளியிட்டார். மறு வருஷம் ஜப்பானின் படையெடுப்பைப் படம் பிடிக்கச் சீனா சென்றார். பீரங்கி முழங்கும் இடத்துக்குக் காமிராவைத் தூக்கிச் செல்லும் கூட்டம் ஒன்று உலகில் தோன்றியிருந்தது. செட்டியார் தேடிய யுத்தமோ வேறு விதமானது. அதில் ஒரு தரப்பிடம் மட்டுமே ஆயுதம் இருந்தது. வெடிச் சத்தம் இல்லாத அந்த யுத்தத்தின் காட்சிகள் ஒரே இடத்தில் கிடைக்கமாட்டா. உலகம் முழுவதும் சிதறிக் கிடந்த துண்டுகளை ஒவ்வொன்றாகப் பொறுக்கிச் சேர்க்க வேண்டியிருந்தது.

முப்பது வருஷம், நூறு காமிராக்காரர்கள்

சென்னைக்குத் திரும்பிய செட்டியார், டாக்குமெண்டரி பிலிம்ஸ் லிமிடெட் என்ற பெயரில் கம்பெனி ஒன்றை அமைத்தார். கதாநாயகியும் பாட்டும் இல்லாத படத்தில் பணம் போட யார் வருவார்கள் என்று கேட்கக்கூடிய காலம் அது. அதன்பின் அவர் பெட்டியைத் தூக்கிக்கொண்டு புறப்பட்டார். காந்திஜி பாரிஸ்டருக்குப் படித்ததும் பின்பு வட்டமேஜை மகாநாட்டுக்குச் சென்றதும் இங்கிலாந்தில். சத்தியாக்கிரகம் பிறந்தது தென்னாப்பிரிக்காவில். இவ்விரு நாடுகளுக்கும் ஐரோப்பாவுக்கும் அமெரிக்காவுக்கும் அவர் அலைந்தார். 1937-க்கும் 1940-க்கும் இடையில் அவர் பிரயாணம் செய்த தூரம், பூமியை இரண்டு தடவை வலம் வருவதைவிட அதிகம்.

தென்னாப்பிரிக்கா நமக்கு அந்நிய பூமியன்று. 1893 முதல் 1914 வரை காந்திஜி பெரும்பாலும் அங்கேயே வாழ்ந்தார். 1904-ல் பீனிக்ஸ் குடியிருப்பும் 1910-ல் டால்ஸ்டாய் பண்ணையும் அங்கே தோன்றின. அங்கே அவருடன் சிறை சென்றவர்களில் தமிழர்கள் ஏராளம். அவர்களில் தில்லையாடி வள்ளியம்மை, சிறையில் பெற்ற நோயால் 1914-ல் பதினாறு வயதில் உயிர் நீத்தாள். மகாத்மாவைத் தேடிச் சென்ற தமிழர், ஒரு வகையில் தமிழரின் தியாகத்தையும் தேடியே அங்கு சென்றார் என்று சொல்ல வேண்டும்.

ஐரோப்பாவின் நிலை என்ன? 1938 மார்ச்சில் ஹிட்லர் ஆஸ்திரியாவை விழுங்கினார். அவ்வருஷம் செப்டம்பரில் மியூனிக்கில் செக்கோஸ்லோவாகியாவைத் துண்டாட உடன்படிக்கை ஆயிற்று. 1939 செப்டம்பரில் யுத்தமே மூண்டது. எல்லைதோறும் சோதனை, துறைமுகந்தோறும் சந்தேகம். பிரிட்டிஷ் பிரஜையாகப் பாஸ்போர்ட் வைத்திருந்த ஓர் இந்தியர், பிரிட்டிஷ் ஆட்சியை எதிர்ப்பவரின் படங்களைத் தேடி இத்தகைய உலகில் திரிந்தார். அக்காலத்து நைட்ரேட் பிலிமோ எளிதில் தீப்பற்றக் கூடியது. பற்றினால் தண்ணீரிலும் அணையாது. அதைக் கப்பலில் அனுப்புவதே ஒரு பெரும் பாடு. இந்த வேலையை இரண்டு வருஷம் தள்ளிப் போட்டிருந்தால், குண்டு வீச்சுக்கு ஆளான ஐரோப்பிய நகரங்களில் எத்தனை கிடங்குகளை அவர் நெருங்கியிருக்க முடியும்? பின்னால் பார்க்கும்போதுதான் அந்த அவசரத்தின் அர்த்தம் விளங்குகிறது.

படத்தின் நாயகரோ சினிமாவில் சிறிதும் ருசி இல்லாதவர். சினிமா விசாரணைக் கமிட்டி 1927-ல் கேட்டபோதே, தாம் ஒருபோதும் சினிமாவுக்குச் சென்றதில்லை என்று காந்திஜி தெரிவித்துவிட்டார். பின்னால் 1944-ல் ராம ராஜ்யா என்ற படத்தைப் பார்த்தாரே தவிர, அக்கலையின் மீது அவருக்குப் பற்று ஏற்படவில்லை. படத்துக்காக நில்லுங்கள், திரும்புங்கள் என்று அவரிடம் சொல்ல முடியாது. அவர் நடந்தால் காமிரா ஓட வேண்டும். அவர் ராட்டையின் முன் உட்கார்ந்தால், இருக்கும் வெளிச்சத்தில் எடுத்துக்கொள்ள வேண்டும். புகழை நாடாத ஒருவரை, புகழை நாடாத மற்றொருவர் படமாக்கினார்.

இவ்வாறு முப்பது வருஷ காலத்தில் சுமார் நூறு காமிராக்காரர்கள் எடுத்த காட்சிகளிலிருந்து ஏறத்தாழ 50,000 அடி பிலிம் சேர்ந்தது. பேசும்படம் ஒரு நிமிஷத்துக்கு 90 அடி ஓடும். அந்தக் கணக்கில், சேர்ந்ததை எல்லாம் தொடர்ந்து காட்டினால் ஒன்பது மணி நேரத்துக்கு மேல் ஆகும். அதிலிருந்து சுமார் 12,000 அடியைத் தேர்ந்தெடுத்தார். அதாவது இரண்டே கால் மணி நேரப் படம். மௌனப்பட காலத்தில் எடுத்த காட்சிகளைப் பேசும்பட இயந்திரத்தில் ஓட்டினால் மனிதர்கள் குதித்துக் குதித்து ஓடுவது போல் தோன்றும். வெவ்வேறு தேசத்தில், வெவ்வேறு வேகத்தில், வெவ்வேறு வெளிச்சத்தில் எடுத்தவற்றை ஒரே வரலாறாகக் கோக்க எவ்வளவு பொறுமை வேண்டும் என்பதைத் தொழில் அறிந்தவர்கள் அறிவார்கள். படத்துக்குத் தமிழில் விளக்கவுரை சேர்த்தார்கள். படத்தில் பாடியவர்களில், காஞ்சியை அடுத்த தாமலின் பெயரைத் தம் பெயரோடு கொண்ட டி. கே. பட்டம்மாளும் ஒருவர் என்பது இந்த ஜில்லாவுக்குப் பெருமை.

மூடிய கதவு

1940-ம் வருஷம் ஆகஸ்டு 23-ந் தேதி சென்னைப் புரசைவாக்கம் ராக்ஸி தியேட்டரில் படம் வெளியாயிற்று. அது வெளியான தருணத்தை எண்ணிப் பாருங்கள். செட்டியார் வேலையைத் தொடங்கியபோது, 1937 ஜூலை முதல், சென்னையில் ராஜாஜியின் தலைமையில் காங்கிரஸ் மந்திரிசபை இருந்தது. மற்றும் பல மாகாணங்களிலும் காங்கிரஸ் ஆட்சி. தேசியப் படங்களின் மீது தணிக்கையின் பிடி தளர்ந்திருந்தது. ஆனால் இந்தியாவைக் கேளாமல் யுத்தத்தில் இழுத்துவிட்டதைக் கண்டித்து 1939 அக்டோபர் முதல் காங்கிரஸ் மந்திரிசபைகள் ராஜிநாமாச் செய்தன. திறந்திருந்த கதவு மூடிற்று. இந்தியப் பாதுகாப்புச் சட்டம் வந்தது. படம் வெளியாகி இரண்டு மாதத்துக்குள், 1940 அக்டோபர் 17-ந் தேதி, தனிநபர் சத்தியாக்கிரகம் தொடங்கிற்று. படத்தில் கண்ட தலைவர்கள் ஒவ்வொருவராகச் சிறை புகுந்தார்கள்.

அதே 1940-ல்தான் யுத்தப் பிரசாரப் படங்களுக்கென்று சர்க்கார் பம்பாயில் ஒரு பிலிம் ஆலோசனைச் சபையை அமைத்தது. பின்பு 1943-ல் சர்க்கார் செய்திப்படங்களைத் தியேட்டர்கள் கட்டாயமாகக் காட்ட வேண்டும் என்று உத்தரவு பிறந்தது. கச்சா பிலிமும் பங்கீட்டுக்கு உட்பட்டது. சர்க்காருக்குப் பிலிம் உண்டு, திரை உண்டு, கட்டாயப்படுத்தச் சட்டமும் உண்டு. தனி மனிதர் ஒருவர் மூன்று வருஷம் அலைந்து எடுத்த படத்துக்கோ, 1942 ஆகஸ்டுப் புரட்சிக்குப் பிறகு நாட்டில் இடமே இல்லை. தெலுங்கு விளக்கத்துடனும் தயாரித்த அந்தப் படம், எந்த மக்களுக்காக எடுக்கப்பட்டதோ அவர்களை அடைய முடியாமல் பெட்டிக்குள் கிடந்தது.

சுதந்திரம் வந்த 1947 ஆகஸ்டில், ஹிந்தி விளக்கத்துடன் அப்படம் தில்லியில் திரையேறியது. அடுத்த ஜனவரியில் காந்திஜி மறைந்தார். செட்டியார் மீண்டும் அமெரிக்கா சென்றார். அங்கே ஹாலிவுட்டில் படத்தைச் சுருக்கி ஆங்கிலத்தில் தயாரித்தார்கள். இருபதாம் நூற்றாண்டின் தீர்க்கதரிசி என்று பொருள்படும் தலைப்புடன் 1953-ல் அது வெளியாயிற்று. அதற்குக் குரல் கொடுத்தவர் குவென்டின் ரெனால்ட்ஸ் என்னும் அமெரிக்கப் பத்திரிகையாளர். 1940-ல் லண்டனின் மீது ஜெர்மானியர் குண்டு பொழிந்தபோது, அந்நகர மக்களின் நெஞ்சுரத்தை அமெரிக்கருக்கு எடுத்துச் சொன்ன டாக்குமெண்டரிப் படத்திலும் பேசியது அதே குரல்தான். லண்டனின் துணிவைப் போற்றிய குரல், பதின்மூன்று வருஷங்கள் கழித்து, லண்டனின் ஆதிக்கத்தை ஆயுதமின்றி எதிர்த்தவரின் வரலாற்றையும் சொல்லிற்று. சரித்திரம் சில சமயங்களில் இப்படித்தான் கணக்கைத் தீர்த்துக்கொள்கிறது.

புகழை விட்டு விலகியவர்

ஒரு படத்தோடு செட்டியாரின் தொண்டு முடியவில்லை. 1943-ல் குமரி மலர் என்ற பத்திரிகையைத் தொடங்கினார். சாகும் வரை, நாற்பது வருஷம், அதை நடத்தினார். பரபரப்பான செய்திகளுக்கும் சினிமாக் கிசுகிசுக்களுக்கும் அதில் இடமில்லை. பழம்பத்திரிகைகளில் புதைந்து கிடந்த கட்டுரைகளையும், முன்னோரின் எழுத்துக்களையும், மறந்துபோன ஆவணங்களையும் தேடி எடுத்து அச்சிட்டு வந்தார். உலக முழுதும் சிதறிய பிலிமைப் பொறுக்கிய அதே கை, பழைய காகிதக் கட்டுகளையும் பொறுக்கியது. தமிழில் பிரயாண நூல் என்ற துறைக்கு உரமிட்டவர்களில் அவர் முதன்மையானவர். உலகம் சுற்றும் தமிழன் என்றே வாசகர் அவரை அறிந்தார்கள். முற்காலத்தவர் எழுதிய பிரயாணக் கட்டுரைகளைத் திரட்டித் தமிழ்நாடு என்ற பெயரில் 1968-ல் ஒரு பெருந்தொகுதி வெளியிட்டார்.

இவ்வளவும் செய்தவர் தம்மைப் பற்றி அதிகம் சொன்னதில்லை. மகாத்மா படத்தை எடுத்த அனுபவங்களைக் குமரி மலரில் துண்டு துண்டாக எழுதினார். அவை அண்ணல் அடிச்சுவட்டில் என்னும் புத்தகமாகத் திரண்டது 2003-ல்தான். திரட்டியவர் வரலாற்றாசிரியர் ஆ. இரா. வேங்கடாசலபதி. அதற்கு இருபது வருஷம் முன்பே, 1983 செப்டம்பரில், செட்டியார் காலமாகிவிட்டார்.

அந்த 1983-ம் வருஷத்தை மறக்கலாகாது. அதற்கு முந்திய நவம்பரில்தான் ரிச்சர்ட் அட்டன்பரோவின் காந்தி படம் வெளியாகியிருந்தது. இந்திய சர்க்காரின் சினிமா அபிவிருத்திக் கார்ப்பொரேஷன் அதற்குப் பணம் போட்டது. 1983 ஏப்ரலில் அது எட்டு ஆஸ்கார் பரிசுகளைப் பெற்றது. ஊரெல்லாம் அந்தப் படத்தின் பேச்சு. வேஷம் போட்டு நடித்த காந்தியை உலகம் கொண்டாடிய வருஷத்தில், உண்மைக் காந்தியைத் திரையில் திரட்டி வைத்த தமிழர் ஆரவாரமின்றிக் கண்ணை மூடினார். அட்டன்பரோவின் படத்தை நாம் குறை கூறவில்லை. அது தக்க படம். வெளிநாட்டார் எடுத்ததற்குப் பொதுப்பணத்தைக் கொடுத்த நாம், நம்மவர் எடுத்ததைப் பெட்டியில் மக்கவிட்டோமே என்பதுதான் நமது வருத்தம்.

செட்டியாரின் மூலத் தமிழ்ப் படம் என்ன ஆயிற்று? நைட்ரேட் பிலிமை வெப்பமும் ஈரமும் தாக்கினால் முதலில் பிசுபிசுக்கும், பிறகு ஒட்டிக்கொள்ளும், கடைசியில் பொடியாகும். அத்தகைய சுருள்களைக் குளிர்ந்த அறையில் வைத்துக் காக்க வேண்டிய தேசியப் பிலிம் காப்பகம் புனாவில் அமைந்ததே 1964-ல்தான். படம் வெளியாகி அதற்குள் இருபத்து நாலு வருஷம் ஓடிவிட்டது. தமிழில் எடுத்த முழுப்படம் நம்மிடம் இல்லை. மிஞ்சியிருப்பது ஆங்கிலச் சுருக்கம். அதுவும் நம் நாட்டில் அகப்படவில்லை; அமெரிக்காவில், ஸான் பிரான்சிஸ்கோ நகரத்துச் சர்வகலாசாலை ஒன்றில் இருந்ததை வேங்கடாசலபதி தேடிக் கண்டுபிடித்தார். உலகெங்கும் சிதறிய காந்தியைத் தேடித் தமிழர் ஒருவர் நாடு நாடாக அலைந்தார். அவர் திரட்டியதைத் தேட மற்றொரு தமிழர் மீண்டும் அதே அமெரிக்காவுக்குப் போக வேண்டியதாயிற்று. இதுதான் நாம் தலைகுனிய வேண்டிய இடம்.

நமது கணக்கு

செட்டியாரின் படம் ஒரு பக்தரின் படம். மகாத்மாவை விமர்சனம் செய்யப் புறப்பட்டதன்று. அதனால் அதன் மதிப்புக் குறையாது. உண்மையாக எடுத்த காட்சியைப் பக்தனும் பார்க்கலாம், மாறுபட்டவனும் பார்க்கலாம். இருவரும் அதிலிருந்து வாதம் புரியலாம். காட்சியே அழிந்து போனால் இருவருக்கும் வாயடைத்துவிடும். பிறகு எஞ்சுவது வதந்தி. வதந்தியைக் கொண்டு சரித்திரம் எழுதுவோருக்கு இன்று குறைவில்லை; அவர்களுக்கு விடை சொல்லச் சாட்சியம் வேண்டும்.

மேடையில் பேசுவதும், ஊர்வலம் போவதும், சிறை செல்வதும் தேசத் தொண்டு என்று நாம் அறிவோம். அவற்றைக் குறித்து வைப்பதும் காத்து வைப்பதும் தேசத் தொண்டு என்பதை அவ்வளவாக உணர்வதில்லை. உத்திரமேரூர்ப் பக்கத்துக் கிராமங்களில் தகரப் பெட்டிகளையும் பரண்களையும் திறந்து பார்த்தால் என்ன கிடைக்கும்? பாட்டனார் சிறையிலிருந்து எழுதிய கடுதாசி. பழைய கட்சி ரசீது. ஏதோ ஒரு மகாநாட்டில் வரிசையாக நின்று எடுத்துக்கொண்ட போட்டோ. அந்தப் போட்டோவில் நிற்பவர்கள் யார் என்று வீட்டுக் கிழவிக்கு மட்டும் தெரியும். அவள் கண்ணை மூடினால் அத்தனை பேரும் பெயரற்றவர்களாகிவிடுவார்கள். அடுத்த மழையில் பரண் ஒழுகினால் உருவமும் அற்றவர்களாகிவிடுவார்கள்.

இன்று ஒவ்வொருவர் சட்டைப் பையிலும் காமிரா இருக்கிறது. ஏரி ஆக்கிரமிப்பை எதிர்த்து நடக்கும் கூட்டத்தையும், கிராம சபையையும், மறியலையும், தடியடியையும் அந்த நிமிஷமே படம் பிடித்துவிடுகிறோம். அன்று செட்டியாருக்கு மூன்று வருஷமும் உலகப் பிரயாணமும் தேவைப்பட்ட வேலையில் பாதி நமக்கு ஒரு நொடியில் முடிகிறது. மற்றப் பாதியை நாம் செய்வதே இல்லை. எந்த ஊர், என்ன தேதி, யார் யார் என்று எழுதி வைப்பதில்லை. கைப்பேசி பழுதானால் எல்லாம் போச்சு. எடுப்பது சுலபம், காப்பதுதான் தொண்டு.

ஆகையால் தொண்டர்களுக்கு நாம் சொல்வது இது. உங்கள் ஊரில் வயது முதிர்ந்தவர் இருக்கும்போதே அவர் முன் பழைய போட்டோவை வைத்துப் பெயர்களைக் கேளுங்கள். பின்புறத்தில் பென்சிலால் எழுதுங்கள். கடிதங்களைப் பிரதி எடுத்து, ஒன்றை வீட்டிலும் ஒன்றை ஊர் நூலகத்திலும் வையுங்கள். ஒரு போராட்டத்தைப் படம் பிடித்தால், நமக்குச் சாதகமான துண்டை மட்டும் கத்தரித்து வைக்காமல் முழுவதையும் வையுங்கள். நிறையும் குறையும் சேர்ந்தால்தான் சாட்சி. இதற்கு உலகைச் சுற்ற வேண்டாம். பரணில் ஏற ஓர் ஏணி போதும்.

பொறுப்பை ஏற்றுக் கணக்குக் காட்டாதவன் பெயரை ஓலையில் எழுதலாகாது என்று உத்திரமேரூரார் விதித்தார்கள். முப்பது வருஷத்துப் போராட்டத்தின் கணக்கை 12,000 அடி பிலிமில் எழுதித் தேசத்தின் முன் வைத்துவிட்டுச் சென்றார் ஏ. கே. செட்டியார். அந்தக் கணக்கைப் பெற்றுக்கொண்டு தொலைத்தவர்கள் நாம். இனிமேலாவது நம் தலைமுறையின் கணக்கை ஒழுங்காக எழுதி வைப்போமானால், அவருக்குச் செய்ய வேண்டிய நன்றியில் ஒரு பகுதியையாவது செலுத்தியவர்களாவோம்.